கூத்தை விடியும்வரை படம்பிடிக்கும்போது கமரா யாரைப் பார்க்க வேண்டும்?

முள்ளியவளையான் எழுதியது:

வணக்கம். நான் எழுதுகிறவன், படம்பிடித்துப் பழகியவன் அல்லன். முல்லைத்தீவிலும் கிளிநொச்சியிலும் வவுனியா வடக்கிலும் கூத்துப் பழக்கும் அண்ணாவிமாரைப் பற்றியும், அவர்களோடு இருந்து மத்தளமும் ஆர்மோனியமும் வாசிப்பவர்களைப் பற்றியும் பதினொரு ஆண்டுகளாகக் குறிப்பெடுத்து வருகிறேன். கொப்பிகள் நிறைந்துவிட்டன. ஆனால் எழுத்து ஓர் இடத்துக்கு அப்பால் போக மறுக்கிறது. "ஆட்டக்காரனுக்கு மூச்சு வாங்குவதைக் கண்ட அண்ணாவியார், பிற்பாட்டை இன்னொரு முறை பாடவிட்டு அவனுக்கு இடம் கொடுத்தார்" என்று எழுதுகிறேன். பிற்பாட்டு என்பது ஆட்டக்காரர் பாடியதைத் திருப்பிப் பாடுவது. கூத்துப் பார்த்து வளர்ந்தவருக்கு அந்த வரி போதும். பாராதவருக்கு அது அண்ணாவியாரின் நற்குணத்தைப் பற்றிய செய்தியாகத்தான் படும்.

ஆகவே கடந்த வைகாசியில் ஒரு கோயில் வீதியில் கோவலன் கூத்து ஆடியபோது இரவல் கமராவோடு போய், இரவு பத்து மணி தொடக்கம் விடியும்வரை பிடித்தேன். வீட்டுக்கு வந்து போட்டுப் பார்த்தால், யார் பாடுகிறாரோ அவருடைய முகத்துக்கே கமராவைத் திருப்பிக்கொண்டிருந்திருக்கிறேன். அதிகாலை மூன்று மணியளவில், கண்ணகியாக ஆடிய தம்பிக்கு ஓரடி மறந்துபோனது. அண்ணாவியார் ஏட்டைப் பாராமலே அந்த அடியின் முதற்சொல்லைப் பிற்பாட்டுக்குள் நுழைத்துக் கொடுத்தார். ஆர்மோனியக்காரர் சுருதியை விடாமல் பிடித்திருந்தார். தம்பி ஒரு சுற்று ஆடி வந்து, ஒன்றும் நடவாதவர் போலப் பாட்டை எடுத்தார். சபையில் பெரும்பாலோருக்கு மறதி நடந்ததே தெரியாது. ஒலியில் இவையெல்லாம் இருக்கின்றன. படத்திலோ, அந்த இருபது விநாடியும் கண்ணகியின் முடியும் அதற்குப் பின்னால் ஒரு ரியூப் விளக்கும் மட்டுமே தெரிகின்றன.

ஆயத்தமில்லாமல் போனேன் என்று நினைக்க வேண்டாம். ஜாஸ் கலைஞர்களின் மேடை வாசிப்பைப் பிடித்த பழைய படங்கள் பலவற்றைப் பார்த்துவிட்டுத்தான் போனேன். வன்னிக்கும் ஜாஸுக்கும் என்ன தொடர்பு என்று கேட்பவர்களுக்கு ஒரு சிறு விளக்கம். தொண்ணூறுகளில் மின்சாரமும் இல்லை, பற்றறியும் தடை. சயிக்கிளைக் கவிழ்த்து வைத்து, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில் வானொலி கேட்டோம். பெரியவர்களுக்குச் செய்தி முடிந்தால் வேலை முடிந்தது. சுற்றுகிறவன் நான் என்பதால் அதற்குப் பிறகு என் விருப்பம். சிற்றலையைத் தேடியபோது அமெரிக்காவின் குரலில் வில்லிஸ் கொனோவர் அகப்பட்டார். 1955இல் தொடங்கிய அந்த ஜாஸ் நிகழ்ச்சியை 1996இல் இறக்கும்வரை நடத்தியவர் அவர். ஆங்கிலம் குறைவாக அறிந்தவருக்கும் விளங்க வேண்டும் என்று நிறுத்தி நிறுத்திப் பேசுவார். ஒருவர் வாசிக்க மற்றவர்கள் அவருக்கு இடம் விட்டு நிற்பது எங்கள் கூத்துக் களரியில் நடப்பதுதான் என்று எனக்கு அப்போதே பட்டது.

என் கேள்வி இதுதான். கையில் இருப்பது ஒரு கமராவும் ஒரு போனும். அடுத்த முறை எதை யார் மேல் வைப்பது?


பாலைப்பழம் எழுதியது:

தம்பி, நீங்கள் பார்த்த படங்களில் 1957 டிசெம்பர் 8 அன்று சி.பி.எஸ் தொலைக்காட்சி நேரடியாக ஒளிபரப்பிய 'த சவுண்ட் ஒவ் ஜாஸ்' இருந்திருந்தால் உங்கள் கேள்விக்குப் பாதி விடை அதிலேயே கிடைத்திருக்கும். அந்த நிகழ்ச்சிக்கு யார் யாரை அழைப்பது, யாரோடு யாரைச் சேர்த்து வாசிக்கவிடுவது என்று தீர்மானித்தவர்கள் நாட் ஹென்டொஃப், விட்னி பலியட் என்ற இரண்டு எழுத்தாளர்கள். இருவரும் கமராவைத் தொடவில்லை. உங்களைப் போல ஆண்டுக்கணக்காகக் கேட்டுக் குறிப்பெடுத்தவர்கள். எவருக்கும் எவருக்கும் இடையில் பழைய கதை உண்டு என்பதை அறிந்திருந்தவர்கள்.

அதில் பாடகி பில்லி ஹொலிடே ஒரு புளூஸ் பாட்டைப் பாடுகிறார். இடையில் பென் வெப்ஸ்ரர் சாக்சபோனில் ஒரு சுற்று வாசித்து முடிக்க, இன்னொரு சாக்சபோன்காரரான லெஸ்ரர் யங் எழுந்து வருகிறார். அன்று அவர் உடல் தளர்ந்திருந்தார். மிகக் குறைந்த சுரங்களில் ஒரே ஒரு சுற்று வாசிக்கிறார். அப்போது கமரா வாசிப்பவரிடமே தங்கியிருக்கவில்லை. பில்லியின் முகத்துக்குப் போகிறது. அவர் அந்த வாசிப்பைக் கேட்டுக்கொண்டிருக்கிறார். தலை மெல்ல ஆடுகிறது, கண் விரிகிறது, ஏதோ தமக்கு மட்டும் சொல்லப்பட்டதைக் கேட்பவர் போல உதட்டில் ஒரு சிரிப்பு வந்து போகிறது. இருவரும் பல ஆண்டுகள் ஒன்றாக வாசித்துப் பிறகு விலகியிருந்தவர்கள் என்பது தெரியாதவருக்கும் அந்த முகம் போதும். லெஸ்ரர் யங் 1959 மார்ச்சில் இறந்தார். பில்லி அதே ஆண்டு யூலையில். நேரடி ஒளிபரப்பின் திரையையே இன்னொரு படக்கருவியால் பிடித்துவைத்த பிரதிதான் இன்று நாம் பார்ப்பது.

உங்கள் மூன்று மணிக் கதையில் கமரா நின்றிருக்க வேண்டிய இடம் அண்ணாவியாரின் முகம். பாடுபவரை ஒலி காட்டிக்கொடுத்துவிடும். கேட்பவரைக் காட்டப் படத்தைத் தவிர வேறு வழியில்லை.


கனகராயன் எழுதியது:

அக்கா சொன்னதை ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் ஒலி சரியாக இருந்தால்தான் அந்தப் பேச்சு எடுபடும். இருபது ஆண்டுகளாகக் கிளிநொச்சியில் ஒலிபெருக்கி கட்டுகிறவன் என்ற முறையில் சில விடயங்களைச் சொல்கிறேன்.

முதலாவது, கமராவின் சொந்த மைக்கை நம்பவே கூடாது. அதில் ஒலியளவைத் தானாகக் கூட்டிக் குறைக்கும் ஏற்பாடு இருக்கும். மத்தளத்தில் ஓர் அடி பலமாக விழுந்தவுடன் எல்லாவற்றையும் அமுக்கிவிட்டு, பிறகு மெல்ல மெல்ல மேலே தூக்கும். அடிக்குப் பின் வரும் மெல்லிய சொற்கள் அப்படித்தான் காணாமற் போகின்றன. தனி ஒலிப்பதிவுக் கருவியை, தானியங்கி ஏற்பாட்டை நிறுத்திவிட்டு, அண்ணாவியாருக்கும் ஆர்மோனியத்துக்கும் நடுவில் வையுங்கள். ஒலிபெருக்கிக்கு முன்னால் வேண்டவே வேண்டாம்.

இரண்டாவது, தனிக் கருவியில் பதிந்தால் படத்தோடு பொருத்த வேண்டும். இரண்டு கருவிகளின் கடிகாரங்களும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. பத்து இலட்சத்துக்கு 20 பங்கு வித்தியாசம் என்பது சாதாரணம். அது ஒரு மணித்தியாலத்தில் 0.07 விநாடி, எட்டு மணித்தியாலத்தில் அரை விநாடிக்கும் மேல். விநாடிக்கு 25 சட்டகம், அதாவது 25 தனிப்படம், என்று பிடித்தால் 14 சட்டகம் பிந்திவிடும். பத்து மணிக்குப் பொருந்திய உதடு விடியும்போது பொருந்தாது. போன் என்றால் இன்னும் மோசம். பல போன்கள் சட்டக வேகத்தையே இடையில் மாற்றிக்கொள்ளும். ஆகவே ஒரு மணித்தியாலத்துக்கு ஒரு முறையாவது பொருத்துமிடம் வேண்டும். கூத்தில் அதற்குக் கைதட்டத் தேவையில்லை. அண்ணாவியார் கையிலுள்ள சல்லரி என்ற தாளம் இரண்டும் மோதும் கணம் படத்தில் தெரிந்தால் அதுவே போதும்.

பாடகி அரீத்தா பிராங்க்ளின் 1972 சனவரியில் லொஸ் ஏஞ்சலிஸ் தேவாலயம் ஒன்றில் பாடியதை சிட்னி பொலக் பல கமராக்களை வைத்துப் பிடித்தார். அது ஜாஸ் அல்ல, தேவாலயப் பாட்டு. ஆனாலும் பாடம் ஒன்றுதான். காட்சித் தொடக்கத்தில் அடையாளத்துக்கு அடிக்கும் தட்டுப்பலகையை அடிக்காமல் விட்டதால் ஒலியையும் படத்தையும் பொருத்த முடியாமற் போனது. கணினி வந்த பிறகுதான் அது கைகூடியது. படம் வெளிவந்தது 2018இல்.

மூன்றாவது, ஜெனறேற்றர். அதைக் கோயில் மதிலுக்கு மறுபக்கம் வைக்கச் சொல்லுங்கள். கம்பி வாங்கக் காசில்லை என்பார்கள். கம்பியை நான் தருகிறேன்.


நந்திக்கரை எழுதியது:

மூவரும் கோபிக்கக் கூடாது. வேறொரு நாட்டு இசைக்குச் சரியான கண்ணை அப்படியே தூக்கிக்கொண்டு வந்து எங்கள் களரியில் வைப்பதில் எனக்கு உடன்பாடு இல்லை. ஜாஸில் வாசிப்பவர் தம்மைத்தான் வாசிக்கிறார். அவருக்குப் பாத்திரம் இல்லை. கூத்தில் முன்னுக்கு நிற்பது கண்ணகி. மதுரையை எரித்துவிட்டு வந்து பத்தாவதாகத் தங்கிய இடம் என்பதால் பத்தாப்பளையாகி வற்றாப்பளையானது என்று சொல்லும் ஊரில், அம்மாளாச்சியின் கதையைப் பார்க்க நேர்த்தி வைத்து வந்து பாயில் இருக்கும் கிழவிக்கு அண்ணாவியாரின் கண் எங்கே போகிறது என்பது தேவையில்லை. அவரைக் காட்டக் காட்டக் கண்ணகி வெறும் பாட்டுக்காரியாகிவிடுவாள்.

இன்னொன்று. தவறிய அந்த இருபது விநாடி உங்களுக்கு அவ்வளவு முக்கியமானது என்றால், அதே தம்பியையும் அதே அண்ணாவியாரையும் கூப்பிட்டு, உங்கள் ஒலிப்பதிவைப் போட்டு, மறுபடி நடிக்கச் சொல்லிப் பிடித்தால் என்ன?


பாலைப்பழம் எழுதியது:

அப்படியும் செய்திருக்கிறார்கள். 1944இல் கியோன் மிலி என்ற புகைப்படக்காரர் எடுத்த பத்து நிமிட ஜாஸ் படத்தில் ஒலியை முன்னரே பதிந்துவிட்டு, அதைப் போட்டுக் கலைஞர்களை வாசிப்பதுபோல நடிக்கவைத்தார்கள். நிழலும் புகையுமாக மிக அழகான படம். லெஸ்ரர் யங் அதிலும் இருக்கிறார். கறுப்பினத்தவரோடு வாசித்த ஒரே வெள்ளையரான கிற்றார்க்காரர் அடையாளம் தெரியாதபடி இருட்டில் வைக்கப்பட்டதும் அதே படத்தில்தான். அழகை எத்தனை முறை பார்த்தாலும் அலுக்காது. ஆனால் அவர்கள் ஒருவரை ஒருவர் கேட்கும் முகத்தை அதில் தேடாதீர்கள். என்ன வரப்போகிறது என்று எல்லோருக்கும் முன்னரே தெரியும்.


முள்ளியவளையான் எழுதியது:

நந்திக்கரை ஐயா, மறுபடி நடிக்கவைப்பதை நான் நினைத்துப் பார்க்காமல் இல்லை. அக்காவின் விடைக்குப் பிறகு அந்த எண்ணத்தை விட்டுவிட்டேன். மறந்ததை மறந்ததுபோல நடிக்கச் சொல்லும் துணிவும் எனக்கு இல்லை.

உங்கள் முதற் கருத்து என்னை இரண்டு நாள் யோசிக்க வைத்தது. 1958இல் நியூபோர்ட் ஜாஸ் விழாவைப் பேர்ட் ஸ்ரேர்ன் வண்ணத்தில் பிடித்த படத்தில் தெலோனியஸ் மங்க் பியானோ வாசிக்கும் இடம் ஒன்று உண்டு. பார்த்துக்கொண்டிருக்கும்போதே கமரா அவரை விட்டுவிட்டுக் கடலில் ஓடும் பாய்க்கப்பல் பந்தயத்துக்குப் போய்விடுகிறது; இசைக்கு மேலே அறிவிப்பாளரின் குரலும் ஏறுகிறது. எனக்கு அப்போது வந்த கோபம், உங்களுக்கு என் யோசனை மேல் வந்த கோபத்தின் உறவுதான் என்று நினைக்கிறேன். விலகிப் போகும் கமரா எதையோ முக்கியமில்லை என்று சொல்லிவிடுகிறது. ஆனால் அதே மங்க்கை 1967, 1968இல் பிளக்வூட் சகோதரர்கள் பிடித்த காட்சிகளில், பக்கத்தில் சாக்சபோன் வாசிப்பவருக்கு இடத்தை விட்டுக் கொடுத்துவிட்டு அவர் பியானோவிலிருந்து எழுந்து தன்பாட்டில் சுற்றிச் சுற்றி ஆடுகிறார். அதைக் கமரா தொடர்கிறது. வாசிக்காமல் நிற்கும் அந்த நேரத்திலும் அவர் இசைக்குள்தான் நிற்கிறார் என்பது அப்போதுதான் எனக்கு விளங்கியது.

எங்கள் அண்ணாவியாரும் கதைக்கு வெளியே நிற்பவர் அல்லர். கண்ணகி சொல்வதைத் திருப்பிப் பாடி உறுதிப்படுத்துகிறவர் அவர். கிழவி அவரைப் பார்ப்பதில்லை என்பது உண்மை. ஆனால் அவர் பாடாமல் நின்றுவிட்டால் கிழவிக்கு உடனே தெரியும்.


வலந்தலை எழுதியது:

இந்த இழையை முதலிலிருந்து வாசித்தேன். நான் வாசிக்கிறவன். நாங்கள் மத்தளம் என்று சொன்னாலும் இப்போது கையில் இருப்பது பெரும்பாலும் மிருதங்கம்தான். எங்கள் பக்கத்திலிருந்து யாரும் எழுதாததால் எழுதுகிறேன்.

முதலில் வெளிச்சம். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு படப்பிடிப்புக் குழு வந்து, எங்கள் முகம் தெளிவாகத் தெரிய வேண்டும் என்று சூடான பெரிய விளக்குகள் இரண்டை நாலடி தூரத்தில் நிறுத்தியது. அரை மணித்தியாலத்தில் வலக்கையால் வாசிக்கும் வலந்தலைத் தோல் இறுகிச் சுருதி ஏறிவிட்டது. இடக்கைப் பக்கமான தொப்பியில் அப்பிய ரவை காய்ந்து, வாசிக்க வாசிக்க மடியில் உதிர்ந்தது. தண்ணீர் தொட்டுப் பிசைந்து மறுபடி அப்ப நேரமில்லை. கோவலன் வரவு தொடங்கிவிட்டது. ஆர்மோனியம் ஒரு சுருதி, நான் ஒரு சுருதி. அந்தக் காணொளியைப் பார்த்த ஒருவர் கீழே, மத்தளகாரருக்குச் சுருதி ஞானம் இல்லை என்று எழுதியிருந்தார்.

இரண்டாவது, அந்தக் காணொளி எங்கே வரும் என்று எங்களிடம் யாரும் கேட்கவில்லை. அண்ணாவியாரின் பெயர் இல்லை, பிற்பாட்டுக்காரர் பெயர் இல்லை, கூத்தின் பெயரே பிழை. குழுவுக்கு இரண்டு முறை எழுதினேன், விடை இல்லை. கனகராயன் சொன்ன அரீத்தா பிராங்க்ளின் படத்தில் இன்னொரு பகுதியும் உண்டு. பொருத்தும் வேலை முடிந்த பிறகும் அதை வெளியிட விடாமல் வழக்குப் போட்டு நிறுத்தியவர் அந்த அம்மாவேதான். அவர் இறந்த பிறகே அது திரைக்கு வந்தது. அவருக்கு வழக்குப் போட வழியிருந்தது.

யாரைப் பிடிப்பது என்று இவ்வளவு பேசுகிறீர்கள். பிடிக்கலாமா என்று எங்களிடம் எப்போது கேட்பீர்கள்?


முள்ளியவளையான் எழுதியது:

கேட்கவில்லை. கோயில் நிருவாகத்திடம் கேட்டேன், அண்ணாவியாரிடம் சொன்னேன். பக்கவாத்தியக்காரரிடம் கேட்கத் தோன்றவே இல்லை. பதினொரு ஆண்டு அவர்களைப் பற்றியே எழுதிவிட்டு இதை ஒப்புக்கொள்வது வெட்கமாக இருக்கிறது. அந்த எட்டு மணித்தியாலப் பதிவை எங்கும் ஏற்றவில்லை. ஏற்றுவதாக இருந்தால் ஒவ்வொருவர் வீட்டுக்கும் கொண்டுபோய்ப் போட்டுக்காட்டிவிட்டே செய்வேன்.


நந்திக்கரை எழுதியது:

அப்படியானால் எட்டு மணித்தியாலத்தையும் யார் பார்ப்பார்கள்? பேராசிரியர் வித்தியானந்தன் 1960களில் பேராதனையில் கர்ணன் போர், இராவணேசன் போன்றவற்றை மேடையேற்றியபோது, விடிய விடிய ஆடியதைச் சுருக்கித்தான் நகரத்தாரை இருந்து பார்க்க வைத்தார். சுருக்கியதால் கூத்துச் செத்துப்போகவில்லை. பலருக்கு அதன் பிறகுதான் கூத்து என்று ஒன்று இருப்பதே தெரிந்தது.


பாலைப்பழம் எழுதியது:

அவர் சுருக்கியது ஆட்டத்தை. ஆடுகிறவர்களும் அந்தச் சுருக்கத்தைப் பழகித்தான் ஆடினார்கள். பதிவைச் சுருக்குவது வேறு. ஒரே பாத்திரத்தை முன்னிரவில் ஒருவரும் பின்னிரவில் இன்னொருவரும் ஏற்கும் கூத்தில், ஒருவர் களைத்து மற்றவர் புதிதாக வரும் இடத்தை வெட்டினால் இரவே போய்விடும். முழுப் பதிவையும் வைத்திருங்கள், தம்பி. 2009க்கு முன் எங்கள் வீட்டில் ஒரு பெட்டி நிறையக் கூத்துக் கசெற்றுகள் இருந்தன. இடம்பெயர்ந்து இடம்பெயர்ந்து, கடைசியில் கையில் மிஞ்சியது ஒன்று. அதில் இருப்பது யாரோ தெரிந்தெடுத்துப் பதிந்த "நல்ல பாட்டுகள்" மட்டும்.


கனகராயன் எழுதியது:

விநாடிக்கு 50 மெகாபிற் என்ற தரத்தில் எட்டு மணித்தியாலம் 180 கிகாபைற் வரும். ஒரு பிரதி உங்கள் வீட்டில், ஒன்று அண்ணாவியார் வீட்டில், ஒன்று மாவட்டத்துக்கு வெளியே. மூன்றும் ஒரே கூரையின் கீழ் இருக்கக் கூடாது. ஏன் என்று இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.


முள்ளியவளையான் எழுதியது:

நான்கு மாதத்துக்குப் பிறகு எழுதுகிறேன். தண்ணீரூற்றுப் பக்கம் ஒரு வீட்டு முற்றத்தில் அதே குழு புதிய பிள்ளைகளைப் பழக்குகிறது. எல்லோரிடமும் கேட்டேன். ஆர்மோனியக்காரர் முதல் வாரம் வேண்டாம் என்றார். கமராவைப் பையிலேயே வைத்துக்கொண்டு இருந்தேன். இரண்டாம் வாரம் அவரே, "எங்கே உங்கள் பெட்டி?" என்றார்.

போனை ஒரு வாங்கில் நிறுத்தி, அண்ணாவியாரையும் மத்தளத்தையும் மட்டும் இரவு முழுவதும் பார்க்கும்படி விட்டேன். கமரா ஆடுகிறவர்களோடு நடந்தது. பந்தம் கட்டி ஆடிய காலத்துக் கதைகள் பேசியபடி, கூரை விளிம்பில் இரண்டு சாதாரண விளக்குகளோடு முடித்தோம். ஒலியைக் கனகராயன் தம்பியே வந்து பார்த்தார், கம்பியும் கொண்டுவந்தார்.

போட்டுப் பார்த்தபோது எதிர்பாராத ஒன்று அகப்பட்டது. பழகும் பிள்ளை அடி மறக்கும் இடங்கள் அந்த இரவில் ஆறு. ஆறிலும், பிள்ளை தடுமாறுவதற்குச் சற்று முன்னரே அண்ணாவியாரின் சல்லரிக் கை காற்றில் தயங்குகிறது. கண் பிள்ளையின் முகத்தில் இல்லை, காலில் இருக்கிறது. முதலில் தற்செயல் என்று நினைத்தேன். இரண்டு படங்களையும் பக்கத்தில் வைத்துச் சட்டகம் சட்டகமாக நகர்த்தினேன். கால் பிந்துகிறது, கை தயங்குகிறது, அதன் பின்தான் வாயில் அடி தவறுகிறது. அவருக்கே போட்டுக்காட்டினேன். தாம் அப்படிப் பார்ப்பது தமக்குத் தெரியாது என்றார். இரண்டாம் முறை போடச் சொன்னார். பிறகு தேநீர் ஆறும்வரை ஒன்றும் பேசவில்லை.

நந்திக்கரை ஐயாவின் கண்ணகி இப்போதும் நடுவில்தான் இருக்கிறாள். வெட்டித் தொகுக்கும்போது அவள் காலை எங்கே காட்டுவது என்பதுதான் இன்னும் பிடிபடவில்லை.


வலந்தலை எழுதியது:

அவர் குனிந்து காலைப் பார்த்தால் எங்களுக்குத் தெரிந்துவிடும். உடனே தொப்பியை விட்டு வலந்தலையில் மட்டும் மெல்ல நிற்போம். பாட்டு வந்த பிறகுதான் இடக்கை சேரும். உங்கள் பதிவில் அந்த ஆறு இடத்திலும் கேட்டுப் பாருங்கள், இருக்கும்.

விளக்கு இரண்டும் நன்றாக இருந்தன. இடப்பக்கத்து விளக்கை மட்டும் அடுத்த முறை இரண்டடி பின்னுக்கு எடுங்கள்.